சாமி குடத்தில் இருக்கும் நாட்கள்

குடமுழுக்கு என்றதும் எல்லோருக்கும் நினைவுக்கு வருவது கடைசி நாள் காலைதான். விமானத்தின் உச்சியில் சிவாசாரியார்கள், கலசத்தில் விழும் நீர், கீழே அலைமோதும் கூட்டம், கருடன் வட்டமிடுகிறதா என்று வானத்தைத் தேடும் கண்கள். கோயில் வேலையிலேயே இருப்பவர்களைக் கேட்டால் வேறொரு நேரத்தைச் சொல்வார்கள். திருப்பணி தொடங்கும் முன், கருவறைக்குள் நாலைந்து பேர் மட்டும் நிற்க, மூர்த்தியிடமிருந்து இறைசக்தியைக் குடத்து நீருக்கு எழுந்தருளச் செய்யும் கலாகர்ஷணம்தான் அது. அது முடிந்த பிறகு அங்கே இருப்பது கல். ஸ்தபதி அதில் உளி வைக்கலாம், கொத்தனார் அதற்கு மேல் சாரம் கட்டலாம். நேற்றுவரை காலந்தவறாமல் பூசை கண்ட திருமேனி அது.

மறைபொருள் என்றால் புகையும் இருட்டும் சூழ்ந்த ஏதோ ஒன்று என்று நினைத்துக்கொள்கிறோம். இந்த வேலையில் மறைபொருளுக்கு முகவரி உண்டு. காலை வரை மூலவரிடம், முகூர்த்தத்துக்குப் பிறகு இந்தக் குடத்தில், மாலையில் பாலாலயம் என்னும் தற்காலிகச் சன்னிதியில் என்று சுட்டிச் சொல்லியாக வேண்டும். சொல்ல முடியாவிட்டால் கல்லைத் தொடலாமா கூடாதா என்பதே தெரியாமல் வேலை நின்றுவிடும். எங்கும் நிறைந்தவன் என்று பாடிய அதே வாயோடு, இந்த ஒரு குடம் நீருக்குள் இருக்கிறான் என்று அதைத் தலைமேல் தாங்கிச் செல்கிறோம். சைவ சித்தாந்தம் இதற்குத் தெளிவாகவே விளக்கம் தருகிறது: ஆவாகனம் என்பது இல்லாத இடத்துக்கு வரவழைப்பதன்று, எங்கும் இருப்பது நம் பொருட்டு ஓரிடத்தில் விளங்கித் தோன்றுவது. அந்த விளக்கத்தை நன்றாகப் படித்தவரின் கையும் குடத்தைத் தூக்கும்போது நடுங்கத்தான் செய்கிறது.

அந்தக் குடத்தைத் தயாரிப்பதே பெரிய வேலை. கும்பம் ஓர் உடம்பாகக் கருதப்படுகிறது. குடம் தசை, மேலே சுற்றும் நூல் நாடி, நீர் குருதி, மாவிலை சடை, தேங்காய் தலை, தர்ப்பையை முடிந்து செய்த கூர்ச்சம் உயிர்மூச்சு என்று கணக்கு. மண்குடமானால் கரும்புள்ளியும் கீறலும் இருக்கக் கூடாது. விரலால் தட்டினால் கணீரென்று ஒலிக்க வேண்டும். மந்தமாக ஒலித்தால் எங்கோ வெடிப்பு இருக்கிறது. முதல் நாள் இரவே நீர் நிரப்பி வைத்து, காலையில் அடியில் ஈரம் தெரிகிறதா என்று பார்ப்பது நல்லது. யாகசாலை நடுவே கசியும் குடம் ஒன்று போதும், அத்தனை பேருடைய கவனமும் கலைந்துபோகும்.

நூல் சுற்றுவது பழகிய கைக்கே வரும். முப்புரியாக முறுக்கிய பருத்தி நூலைக் கழுத்தில் தொடங்கி, குடத்தைத் திருப்பித் திருப்பி, குறுக்கும் நெடுக்கும் சிறு சாளரங்கள் விழும்படி பின்ன வேண்டும். மண்குடம் வியர்க்கும், நனைந்த நூல் இறுகும். தொடக்கத்திலேயே விறைப்பாகச் சுற்றியிருந்தால் பாதி இரவில் அறுந்துவிடும். செப்புக் குடத்தில் இதற்கு நேர்மாறான தொல்லை, வழவழப்பில் நூல் வயிற்றுப் பக்கம் சரிந்துவிடும். நீரில் ஏலக்காய், பச்சைக் கற்பூரம், சாதிக்காய், வெட்டிவேர் சேரும். குடம் வெறும் தரையில் அமராது. கீழே நெல், அதன்மேல் அரிசி, அதன்மேல் எள் பரப்பி, எட்டிதழ்த் தாமரை கீறி, தர்ப்பை இட்டு அதன்மேல்தான் வைப்பார்கள்.

கலாகர்ஷணத்தின் கரு, இறைசக்தியின் கூறுகளான ஐந்து கலைகள். நிவிர்த்தி பாதத்திலிருந்து முழங்கால் வரை, பிரதிட்டை அங்கிருந்து கொப்பூழ் வரை, வித்தை கழுத்து வரை, சாந்தி நெற்றி வரை, சாந்தியதீதை அதற்கும் மேல். சர்வசாதகம் செய்யும், அதாவது கிரியைகளைத் தலைமையேற்று நடத்தும் சிவாசாரியார் கீழிருந்து மேலாக ஒவ்வொன்றையும் அடுத்ததில் ஒடுக்கிக்கொண்டே போய், தர்ப்பையின் வழியே கும்பத்தில் சேர்க்கிறார். வெளியிலிருந்து பார்ப்பவருக்கு விரல் முத்திரைகளும் மெல்லிய முணுமுணுப்பும்தான் தெரியும். முக்கால்வாசி வேலை உள்ளே, மூச்சோடும் பாவனையோடும் நடப்பது. ஆகவே இதை அவசரப்படுத்தக் கூடாது. முகூர்த்த நேரம் நெருங்குகிறதென்று மேளக்காரரை முன்கூட்டியே வாசிக்கச் சொல்வதும், கருவறை வாசலில் கைபேசியை நீட்டுவதும் பாவனையை அறுத்துவிடும். அறுந்தால் மந்திரத்தை விட்ட இடத்திலிருந்து தொடர்வதில் பயனில்லை, நிவிர்த்தியிலிருந்து மறுபடி தொடங்க வேண்டும் என்பதே எங்கள் கருத்து.

பெரிய கோயிலில் இன்னொரு சிக்கல் வரும். பரிவார தெய்வங்கள், கோபுரங்கள், விமானங்கள் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு கும்பம். பெயர்ச்சீட்டை மையால் எழுதி ஒட்டினால் இரண்டாம் காலப் பூசைக்குள் ஈரத்தில் கரைந்துபோகும். பனையோலை நறுக்கில் கீறி நூலிலேயே கட்டிவிடுவது பாதுகாப்பு. அதோடு கும்பங்கள் அமரும் மேடையான வேதிகையில் எந்தத் திக்கில் எந்தக் கும்பம் என்று வரைபடம் ஒன்று கட்டாயம் வேண்டும். சீட்டு போனாலும் இடத்தை வைத்து தெய்வத்தை அறியலாம். கும்பத்தை அரை அடி நகர்த்தி விளக்கு வைக்கும் பரிசாரகப் பிள்ளைகளுக்கு இதைச் சொல்லிவைப்பதில்லை. குழப்பம் அங்கேதான் தொடங்குகிறது.

பழைய கோயிலைப் புதுப்பித்துச் செய்வதைப் புனராவர்த்தம் என்பார்கள். அதில் திருப்பணி முடியும்வரை சக்தி பாலாலயத்தில் தங்கும். பெரும்பாலும் அத்திப் பலகையில் வண்ணத்தில் எழுதிய உருவம். பூசை முழுவதும் அதற்குத்தான். மூலவருக்கே பாலாலயம் செய்திருந்தால் கருவறை பணியிடமாகிவிடும். ஆனாலும் கல்தச்சர் முதல் அடி அடிக்கும் முன் கல்லைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்கிறார். ‘இப்போது இது கல்தான், தயங்காமல் வேலை செய்யுங்கள்’ என்று சொல்லிவிட்டுப் போகும் சிவாசாரியாரும் தம் கைவிளக்கை அந்த ஆவுடையார்மேல், லிங்கத்தின் பீடத்தின்மேல், வைக்க மாட்டார். சாத்திரப்படி இதற்குத் தேவையில்லை. ஆனால் இப்படித் தயங்காத ஒருவரை நம்பித் திருமேனியை ஒப்படைக்க மனம் வராது.

இந்த நாட்களில் நடக்கும் கைவேலைகளில் மிகக் கடினமானது, திருமேனியைப் பீடத்தோடு பிடிக்கவைக்கும் மருந்தைச் சாத்துவது. அட்டபந்தனம் என்பது எட்டுச் சரக்கு: கொம்பரக்கு, சுக்கான்தூள், குங்கிலியம், கற்காவி, செம்பஞ்சு, சாதிலிங்கம், தேன்மெழுகு, எருமை வெண்ணெய். சரக்குகளின் விகிதம் ஸ்தபதிக்கு ஸ்தபதி மாறும், இடித்துச் சேர்க்கும் முறை மாறாது. உலர்ந்த சரக்குகளைத் தனித்தனியே இடித்துத் துணியில் சலிக்க வேண்டும். பஞ்சை நூல்நூலாகப் பிரித்துக் கலக்க வேண்டும். அதுதான் மருந்து பிளவுபடாமல் பிடித்துவைப்பது. பிறகு மெழுகு, கடைசியில் வெண்ணெய். வெண்ணெயை ஒரே தடவையில் போடக் கூடாது. கருங்கல்மேல் வைத்துக் கனமான சம்மட்டியால் இடிக்க இடிக்க அந்தச் சூட்டிலேயே கலவை இளகும். காய்ந்து உதிர்கிறதென்று கண்டால் மட்டும் சிறிது வெண்ணெய். முதுகு நோகிறதென்று ஆட்கள் வெண்ணெயைக் கூட்டிவிடுவதுண்டு. உடனே மெத்தென்று ஆகிவிடும், பார்க்கவும் நன்றாக இருக்கும். அப்படிப்பட்ட மருந்து கோடையில் உருகி வழிந்து, சந்து மறுபடி வாய் திறக்கும். வெண்ணெய் குறைந்தாலோ கண்ணாடி மாதிரி இறுகி, முதல் வருடத்திலேயே விரிசல் விடும்.

சாத்தும் இடத்தில் பழைய மருந்தின் துணுக்குகூட இருக்கக் கூடாது. எண்ணெய்ப் பிசுக்கும் ஈரமும் அறவே கூடாது, ஈரக் கல்லில் மருந்து ஒட்டாது. கலவையைத் திரியாக உருட்டி, சூடு ஆறுவதற்குள் ஆவுடையாருக்கும் திருமேனிக்கும் இடையிலுள்ள சந்தில் ஆழமாக அழுத்த வேண்டும். மேலே மட்டும் பூசி வழவழப்பாக்கினால் உள்ளே வெற்றிடம் நிற்கும். அபிஷேகப் பாலும் தேனும் அந்த வழியாக இறங்கி, அடியிலுள்ள யந்திரத் தகட்டையும் நவரத்தினக் குழியையும் எட்டும், எறும்பு வரும். இதெல்லாம் எதற்கு, சிமென்ட் போட்டால் என்ன என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். சிமென்டைப் பிறகு எடுக்க வேண்டுமானால் கல்லையே பெயர்க்க வேண்டும். அட்டபந்தனமோ பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை எடுத்துப் புதுப்பிப்பதற்கென்றே அமைந்த பிடிமானம். சக்தி வந்து தங்கும், பிறகு விடுவித்துக்கொள்ளும் என்கிற அதே எண்ணம் இந்த மருந்திலும் இருப்பதாகத் தோன்றுகிறது.

யாகசாலை ஏககுண்டம், பஞ்சகுண்டம், நவகுண்டம், உத்தம பட்சமாக முப்பத்து மூன்று குண்டம் என்று விரியும். நவகுண்டத்தில் கிழக்கே சதுரம், தென்கிழக்கே அரசிலை வடிவம், தெற்கே அரைவட்டம், தென்மேற்கே முக்கோணம், மேற்கே வட்டம், வடமேற்கே அறுகோணம், வடக்கே தாமரை, வடகிழக்கே எண்கோணம்; கிழக்குக்கும் வடகிழக்குக்கும் நடுவில் பிரதான குண்டம். பச்சைச் செங்கல்லும் மண்ணும் சாணமும் கொண்டு கட்டி, நன்றாகக் காயவிட வேண்டும். சிமென்டு பூசிய குண்டம் சூட்டில் வெடித்துச் சிதறும்.

தீயை அரணிக்கட்டையில் கடைந்து எடுப்பது இன்னும் பல இடங்களில் நடக்கிறது. வன்னிமேல் முளைத்த அரசின் கட்டையைச் சிறப்பாகச் சொல்வார்கள். மழைக்காலத்தில் தீ எளிதில் பிறக்காது. கட்டை ஈரம் குடித்திருந்தால் புகை வரும், கனல் வராது. குழி தேய்ந்து மெருகேறிவிட்டாலும் உராய்வு குறைந்து கயிறு வெறுமனே ஓடும், அப்போது குழியைச் சற்றுச் சுரண்டிச் சொரசொரப்பாக்க வேண்டும். கருந்தூளில் முதல் கனல் தெரிந்ததும் ஊதிவிடக் கூடாது. தேங்காய்நாரில் ஏந்தி, காற்றை அதுவாகப் படவிட வேண்டும். கட்டைக்குள் தீ இருந்ததா, கடைந்தபோது உண்டானதா என்று கேட்டால் சித்தாந்தம் படித்தவர் நெடுநேரம் பேசுவார். கடைகிறவருக்கு அந்த நேரத்தில் பேச்சு வராது.

தீ என்றால் பயமும் வேண்டும். 1997 ஜூன் 7 அன்று தஞ்சைப் பெரிய கோயில் குடமுழுக்கின்போது யாகசாலைப் பந்தலில் தீப்பற்றி 40க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தார்கள். அடுத்த குடமுழுக்கு 2020 பிப்ரவரி 5 அன்றுதான் நடந்தது. குண்டத்துக்கு நேர்மேலே கீற்று இருக்கக் கூடாது, புகைபோக உயரத்தில் திறப்பு வேண்டும், நிறைவு ஆகுதியான பூர்ணாகுதியில் பட்டும் நெய்யும் விழும்போது சுடர் ஆள் உயரத்துக்கு மேல் எழும் என்பதை எண்ணியே கூரை அமைக்க வேண்டும். வெளியேற இரண்டாவது வழி ஒன்று இருக்கட்டும், அதில் நாற்காலி போடாமல் இருக்கட்டும். வெடியைக் கோயிலுக்குள் யார் கேட்டாலும் அனுமதிக்கவே கூடாது.

கடைசிக் காலப் பூசையில் நாடிசந்தானம். பிரதான குண்டத்திலிருந்து மூலவர்வரை நூலோ தர்ப்பைக் கயிறோ கட்டி, அதன் வழியே சக்தி திரும்பிச் சேர்வதாகப் பாவித்து ஆகுதி செய்வார்கள். பிராகாரங்களைக் கடந்து போகும் அந்த நூலைத் தலைக்கு மேலே தூண்தோறும் தாங்கிக் கொண்டுபோக வேண்டும். குடங்கள் புறப்படும் வாசலைக் குறுக்கே வெட்டினால் குடை பட்டு அறுந்துபோகும். சீரியல் விளக்குக்காரர் அதைத் தம் வயருக்குத் தாங்கலாக்கிக்கொள்ளாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். அறுந்தால் முடிந்து, அகோர மந்திரத்தால் பிராயச்சித்த ஆகுதி செய்து தொடர்வது வழக்கம்.

குடத்து நீர் மூலவர்மேல் விழுந்ததும் எல்லாம் முடிந்ததாக ஊர் கலைந்துவிடும். அதற்குப் பிறகு 48 நாள் மண்டலாபிஷேகம் இருக்கிறது. தொடக்க நாட்களில் மருந்து முழுதாக இறுகியிருக்காது. அபிஷேகம் அளவாக இருக்கட்டும், வெந்நீர் வேண்டாம். சந்து நெடுகத் தினமும் பார்த்து, எங்காவது கல்லைவிட்டு விலகியிருந்தால் உடனே புது மருந்தால் அழுத்திவிட வேண்டும். அதைச் செய்ய ஸ்தபதி இப்போது உள்ளே போக முடியாது. மாதக்கணக்கில் அந்தக் கல்லோடு கிடந்தவர் அர்த்தமண்டபத்துக்கு வெளியே நின்று, எட்டிப் பார்த்துச் சொல்வார்: ‘கோமுகிக்கு மேல, இடது பக்கம் சாமி. அங்க கொஞ்சம் அழுத்திப் பாருங்க.’