லிவ் உல்மன் நாட்கள்

டிசம்பர் 4

வரும் 16-ம் தேதி நடிகை லிவ் உல்மனுக்குப் பிறந்த நாள். அதற்குள் அவருடைய முக்கியமான படங்களைத் திரும்பப் பார்த்துவிட ஆசை. இன்று, ஸ்வீடன் இயக்குநர் இங்மர் பெர்க்மனின் 'பெர்சோனா' (1966).

பேச்சையே நிறுத்திவிட்ட நாடக நடிகை வேடம். படம் முழுக்க அவர் பேசுகிற சொற்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்திருக்கிறார், ரேடியோவில் இசைமேதை பாக்கின் இசை. கேமரா அந்த முகத்தை விட்டு நகரவே இல்லை. வெளிச்சம் கொஞ்சம் கொஞ்சமாக வடிய, முகமும் கூடவே இருண்டுகொண்டு போகிறது. கடைசியில் தலையைத் திருப்பி, கையால் முகத்தை மறைத்துக்கொள்கிறார். மூன்று தடவை ஓட்டிப் பார்த்துவிட்டேன். படப்பிடிப்பின்போது அவருக்கு வயது 26.

டிசம்பர் 6

படம் பார்க்க நேரமில்லை. அவருடைய இளமைக்காலத்தைப் பற்றி மட்டும் படித்தேன். 1938-ல் டோக்கியோவில் பிறந்த நார்வேக்காரர். போர்க்காலத்தில் குடும்பம் கனடாவுக்குப் போனது. ஆறு வயதில் அப்பாவை இழந்தார். வளர்ந்தது நார்வேயின் ட்ரொண்ட்ஹெய்மில். 1957-ல் ஸ்டவாங்கர் நாடக மேடையில் ஆன் ஃபிராங்காக நடித்தார். மனசில் இருந்ததையெல்லாம் நாட்குறிப்பில் கொட்டிய சிறுமியில் தொடங்கியவர், பத்து வருஷத்துக்குள் வாயே திறக்காத பெண்ணாக உலகத்துக்குத் தெரியவந்திருக்கிறார். ராத்திரி முழுக்க இதுவே மனசில் ஓடியது.

டிசம்பர் 9

அம்மாவும் கூட உட்கார்ந்தாள். 'ஆட்டம் சொனாட்டா' (Autumn Sonata, 1978). வரி வழக்கில் மனம் கசந்து ஸ்வீடனை விட்டு வெளியேறியிருந்த பெர்க்மன் இதை நார்வேயில் எடுத்தார்.

மகள் பியானோவில் இசைமேதை ஷோபனின் இசையைத் தட்டுத் தடுமாறி வாசிக்கிறாள். பிறகு, புகழ்பெற்ற கலைஞரான தாய், அதாவது நடிகை இங்க்ரிட் பெர்க்மன் (இயக்குநர் பெர்க்மன் வேறு), அதையே வாசித்துக் காட்டுகிறார். மகளாக வரும் லிவ் பக்கத்தில் உட்கார்ந்து அந்த முகத்தையே பார்க்கிறார். ஆசை, அவமானம், சின்ன வயசிலிருந்து சேர்த்துவைத்த கோபம், எல்லாம் அந்தப் பார்வையில் வந்து போகிறது.

"வாசிக்கிறவளை நான் பார்க்கவே இல்லைடா. அந்தப் பொண்ணையேதான் பார்த்துக்கிட்டிருந்தேன்" என்றாள் அம்மா. இத்தனை வருஷமாக நான் சொல்லத் தெரியாமல் தவித்தது இதுதான். கேட்டுக்கொண்டிருப்பதையே நடிப்பாக மாற்றியவர் இவர்.

டிசம்பர் 10

யான் ட்ரோலின் 'தி எமிக்ரன்ட்ஸ்' (1971), பிறகு 'ஃபேஸ் டு ஃபேஸ்' (1976). இரண்டுக்கும் ஆஸ்கர் பரிந்துரை வந்தது, விருது வரவில்லை. கௌரவ ஆஸ்கர் கிடைத்தது 2022-ல், 83 வயதில். எனக்கு ஆறவே இல்லை.

டிசம்பர் 13

'ஃபெய்த்லெஸ்' (2000). எழுத்து பெர்க்மன், இயக்கம் லிவ். ஒரு பெண் தன் கதையைச் சொல்கிறாள், ஒரு கிழவர் கேட்டுக்கொண்டிருக்கிறார். அந்தப் பெண்ணாக வரும் லேனா எண்ட்ரேயின் முகத்துக்கு லிவ் கொடுக்கிற நேரத்தைப் பாருங்கள்! தான் நடிக்கும்போது கிடைத்த பொறுமையை இன்னொரு நடிகைக்கு அப்படியே கொடுத்திருக்கிறார். இயக்குநராகவும் இவரை இன்னும் அதிகம் பேசியிருக்க வேண்டும் நாம்.

டிசம்பர் 16

'சாராபாண்ட்' (2003), பெர்க்மனின் கடைசிப் படம். மேஜை நிறைய புகைப்படங்களைப் பரப்பி வைத்துக்கொண்டு நம்மிடம் பேசத் தொடங்குகிறார் லிவ். அறுபதைத் தாண்டிய முகம், சுருக்கங்களோடு அப்படியே.

முடிவில், காப்பகத்தில் இருக்கும் மகளைப் பார்க்கப் போகிறார். யாரையும் அடையாளம் தெரியாத மகள். அவளுடைய கண்ணாடியைக் கழற்றிவிட்டு, கன்னத்தைத் தொடுகிறார். மகள் கண் திறக்கிறாள்.

அம்மா அதுவரை விழித்திருந்தாள். படம் முடிந்ததும் விளக்கைப் போட எழுந்தேன். "கொஞ்சம் இருடா" என்றாள்.