32 எம்பி கார்டில் மூன்று பேருடைய சேவ்கள்: எங்கள் வீட்டு பிஎஸ்பியைச் சுத்தம் செய்த அனுபவம்

எங்கள் வீட்டில் இருப்பது முதல் தலைமுறை பிஎஸ்பி, அதாவது கையில் வைத்து விளையாடும் சோனியின் ப்ளேஸ்டேஷன் போர்ட்டபிள். திருப்பூரில் பனியன் ஏற்றுமதியில் இருந்த சித்தப்பா 2006-ல் சிங்கப்பூர் போய்வந்தபோது வாங்கி வந்தது. டப்பாவுக்குள்ளேயே வந்த மெமரி ஸ்டிக் டியோ கார்டு 32 எம்பி. இன்றைக்கு ஃபோனில் எடுக்கும் பத்துப் படங்களுக்கு அந்த இடம் காணாது. ஆனால் நானும் என் அண்ணனும் ஷார்ஜாவில் இருக்கும் பெரியப்பா மகனும் காலேஜ் முடிக்கிற வரைக்கும் விளையாடிய அத்தனையும் அந்தக் கார்டில்தான் இருந்தது.

இந்த லீவுக்கு அண்ணன் மகன் கோபிசெட்டிபாளையத்துக்கு வந்திருந்தான். ஆறாவது படிக்கிறான். பிஎஸ்பியைக் கொடுத்ததும் ஒரு ஆட்டத்தைத் தொடங்கி, விட்ட இடத்தில் இருந்து பிறகு தொடர அதைச் சேவ் செய்யப் போன இடத்தில் நின்றுவிட்டான். கார்டில் இடம் இல்லை, இன்னும் இத்தனை கேபி வேண்டும் என்று திரையில் வந்தது. "பழசையெல்லாம் அழிச்சுட்டா இடம் வந்துருமுங்க அத்தை" என்றான். உண்மைதான். பிஎஸ்பியில் ஒரு சேவ்வை அழிக்க நாலு பட்டன் போதும். அழித்ததைத் திரும்ப எடுக்கக் குப்பைத்தொட்டி மாதிரி எதுவும் அதில் கிடையாது. அதனால்தான் நிதானமாகச் செய்வோம் என்று அவனை உட்கார வைத்தேன்.

பிஎஸ்பியின் விளையாட்டுகள் யுஎம்டி என்ற சின்ன டிஸ்க்கில் வரும். இரண்டு அடுக்கு டிஸ்க்கில் 1.8 ஜிபி வரை கொள்ளும். ஆனால் அது படிக்க மட்டும்தான், எழுத முடியாது. நாம் எந்த மிஷன் வரை வந்தோம், என்ன துப்பாக்கி வாங்கினோம், பூட்டியிருந்த எந்தக் கதாபாத்திரத்தைத் திறந்தோம் என்பதெல்லாம் கார்டில்தான் எழுதப்படும். டிஸ்க் தொலைந்தால் காசு கொடுத்து வேறு வாங்கலாம். கார்டில் இருப்பதை எங்கேயும் வாங்க முடியாது. அதோடு பிஎஸ்பியில் ஆளுக்கு ஒரு கணக்கு என்ற ஏற்பாடு இல்லை. பின்னால் வந்த கருவிகளில் ஒவ்வொருவருக்கும் தனிப் பெயர், தனி சேவ் உண்டு. இதில் கூட்டுக் குடும்பத்துப் பீரோ மாதிரி எல்லாருடையதும் ஒரே இடத்தில் கிடக்கும். இது எந்த விளையாட்டின் சேவ் என்று கருவிக்குத் தெரியும், யாருடையது என்று தெரியாது. வேலையில் பெரும்பகுதி அதைக் கண்டுபிடிப்பதுதான்.

முதலில் பேட்டரி. இடையில் எப்போதோ மாற்றிப் போட்ட பேட்டரி உப்பியிருந்தது. பின்மூடி சரியாக உட்காராமல் லேசாகத் தூக்கிக்கொண்டு நின்றது. உங்கள் பிஎஸ்பியிலும் மூடி அப்படித் தூக்கியிருந்தால் அழுத்தி மூடப் பார்க்காதீர்கள். கழற்றி எடுத்துவிடுங்கள், குத்தவோ மடக்கவோ வேண்டாம், பழைய பேட்டரி வாங்குகிற கடையில் கொடுத்துவிடுங்கள். பேட்டரி இல்லாமலேயே பிஎஸ்பி அடாப்டரில் ஓடும். 5 வோல்ட், 2 ஆம்பியர், மஞ்சள் முனை உள்ள பின். ஆனால் கார்டில் எழுதிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போனால் அந்த ஃபைல் கெட்டுப்போகும். எங்கள் வீட்டில் மின்வெட்டுக் காலத்தில் போட்ட இன்வெர்ட்டர் இன்னும் இருக்கிறது. வேலையை ஆரம்பிக்கும் முன்பு மெயினை ஒரு தடவை அணைத்துப் பார்த்தேன். பிஎஸ்பி திரை அணையவில்லை. அதற்கப்புறம்தான் தொட்டேன். இன்வெர்ட்டர் இல்லாதவர்கள் நல்ல பேட்டரி ஒன்று போட்டுக்கொண்டே செய்யுங்கள்.

அடுத்தது கேபிள். பிஎஸ்பிக்கு வேண்டியது மினி யுஎஸ்பி, பழைய டிஜிட்டல் கேமராவுக்கும் வெளி ஹார்ட் டிஸ்க்குக்கும் வருமே, அதே முனை. ஈரோட்டில் பன்னீர்செல்வம் பார்க் பக்கம் ஒரு கடையில் வாங்கியது சார்ஜ் மட்டும் போகிற கேபிள். உள்ளே டேட்டா கம்பி இல்லை, கம்ப்யூட்டர் எதையும் காட்டவில்லை. கடைசியில் அப்பாவின் பழைய கேமரா பையில் இருந்த கேபிளில்தான் வேலை நடந்தது. வாங்கும்போது டேட்டா போகுமா என்று கடையிலேயே மாட்டிப் பார்த்து வாங்குவது நல்லது.

செட்டிங்ஸ் வரிசையில் மேலே போனால் யுஎஸ்பி கனெக்‌ஷன் இருக்கும். அதை அழுத்தினால் கம்ப்யூட்டரில் ஒரு டிரைவாகக் கார்டு திறக்கும். உள்ளே பிஎஸ்பி என்ற ஃபோல்டர், அதற்குள் சேவ்டேட்டா என்ற ஃபோல்டர். ஒவ்வொரு சேவும் ஒரு தனி ஃபோல்டர். நான் தனித்தனியாகப் பொறுக்கவில்லை. கார்டில் இருந்த எல்லாவற்றையும் அப்படியே லேப்டாப்புக்கு ஒரு காப்பி, பென்டிரைவுக்கு ஒரு காப்பி எடுத்தேன். 32 எம்பிதானே, டீ ஆறுவதற்குள் முடிந்துவிடும். முடிந்ததும் இரண்டு பக்கமும் ரைட் கிளிக் செய்து ப்ராபர்ட்டீஸில் ஃபைல் எண்ணிக்கையும் மொத்த பைட்டும் ஒத்துப்போகிறதா என்று பார்த்தோம். அங்கே டிஸ்க்கில் பிடிக்கும் அளவு என்று இன்னொரு எண் வரும். அது இரண்டு பக்கமும் வேறாகத்தான் இருக்கும், கார்டில் சின்ன ஃபைலும் ஒரு முழுக் கட்டத்தைப் பிடித்துக்கொள்ளும். அதைப் பார்த்துக் குழம்ப வேண்டாம்.

ஃபோல்டர் பெயர்களை மட்டும் மாற்றவே கூடாது. பையன் ஒவ்வொன்றுக்கும் "அப்பா சேவ்", "அத்தை சேவ்" என்று பெயர் வைக்கலாம் என்றான். ஏற்கெனவே இருக்கும் பெயரை வைத்துத்தான் விளையாட்டு தன் சேவ்வைத் தேடும். பெயரை மாற்றினால் அதற்குத் தெரியாது. உள்ளே இருக்கும் ஃபைலை மாற்றினாலும் சரிபார்ப்பில் தோற்று, கெட்டுப்போன டேட்டா என்று காட்டும். அதனால் பெயர்களை ஒரு நோட்டில் எழுதச் சொன்னேன். இடப்பக்கம் ஃபோல்டர் பெயர், வலப்பக்கம் ஆள். அவன் எழுதிய அந்த நோட்டுதான் கடைசி வரை எங்களுக்கு வழி காட்டியது.

இனி யாருடையது எது என்ற கேள்வி. பிஎஸ்பியில் கேம் வரிசையில் சேவ்டு டேட்டா யுடிலிட்டி என்று ஒன்று இருக்கிறது. அதைத் திறந்தால் ஒவ்வொரு சேவும் ஒரு சின்னப் படத்தோடு வரிசையாக நிற்கும். முக்கோணப் பட்டனை அழுத்தி இன்ஃபர்மேஷன் போனால் தேதி, நேரம், அளவு எல்லாம் தெரியும். தேதியை வைத்துப் பாதியைப் பிரித்துவிடலாம். அண்ணன் ஹாஸ்டல் போன பிறகு வந்த தேதி என்றால் அது என்னுடையது அல்லது பெரியப்பா மகனுடையது. ஆனால் தேதியை முழுசாக நம்ப முடியாது. பேட்டரி அடியோடு தீர்ந்து கருவி நாள்கணக்கில் கிடந்தால் கடிகாரம் பழையபடி முதலில் இருந்து ஆரம்பிக்கும். தேதியைச் சரிசெய்யாமல் விளையாடியதெல்லாம் பழைய தேதியோடுதான் பதிவாகும். எங்கள் பட்டியலிலும் நாங்கள் பிஎஸ்பியைக் கண்ணால் பார்ப்பதற்கு முந்தைய தேதியில் சில சேவ்கள் இருந்தன. அந்த மாதிரி வந்தால் விளையாட்டுக்குள்ளேயே போய் லோட் பட்டியலைப் பார்ப்பதுதான் வழி. ஜிடிஏ என்ற விளையாட்டில் முடித்த மிஷனின் பெயர் வரும். பெயரைப் பார்த்ததும் "இது நான் அரைப் பரீட்சை லீவில் முடித்தது" என்று நமக்கே தெரிந்துவிடும்.

எங்களுக்கு ரொம்பச் சிக்கலாக இருந்தது ஜிடிஏ லிபர்ட்டி சிட்டி ஸ்டோரீஸ். ஒரே படம், ஒரே பெயர், ஆனால் பட்டியலில் நிறைய. சிலவற்றை விளையாட்டின் லோட் பட்டியல் காட்டுகிறது, சிலவற்றைக் காட்டவே இல்லை. காட்டாததெல்லாம் வீண், அழித்துவிடலாம் என்றுதான் யாருக்கும் தோன்றும். நோட்டை எடுத்துப் பார்த்தோம். சில ஃபோல்டர்கள் யுஎல்யுஎஸ் 10041 என்று தொடங்கின, சில யுஎல்இஎஸ் 00151 என்று தொடங்கின. அந்த எழுத்துகள் டிஸ்க் எந்த நாட்டுப் பதிப்பு என்பதைச் சொல்கின்றன. யுஎல்யுஎஸ் என்றால் அமெரிக்கப் பதிப்பு, யுஎல்இஎஸ் என்றால் ஐரோப்பியப் பதிப்பு. பிஎஸ்பியில் எந்த நாட்டு விளையாட்டு டிஸ்க்கும் ஓடும். ஆனால் சேவ், தன்னை எழுதிய பதிப்பின் டிஸ்க்குக்கு மட்டும்தான் கட்டுப்படும். சித்தப்பா கொண்டு வந்த டிஸ்க் அமெரிக்கப் பதிப்பு. அது யார் வீட்டுக்கோ போய்த் திரும்பாமல், பின்னால் கோயமுத்தூரில் செகண்ட் ஹேண்டில் வாங்கியது ஐரோப்பியப் பதிப்பு. அப்போது எங்கள் சேவ் எல்லாம் போய்விட்டது என்று மூன்று பேரும் மறுபடி முதலில் இருந்து விளையாடினோம். எதுவும் போகவில்லை, இத்தனை வருஷமும் கார்டிலேயே இருந்திருக்கிறது. இதைப் படிக்கிறவர்களில் யாராவது டிஸ்க் மாற்றிய பிறகு சேவ் காணோம் என்று நினைத்திருந்தால், தயவுசெய்து ஃபோல்டர் பெயரின் முதல் எழுத்துகளை ஒருமுறை பாருங்கள்.

ஆள் தெரிந்தபின் ஒவ்வொருவரையும் கேட்டோம். அண்ணன் பெங்களூரில் இருந்து, "உனக்கு எது வேணுமோ வெச்சுக்கோ, என்னோடத அழிச்சுக்கோ பாப்பா" என்று சொல்லிவிட்டு, வைத்த ஃபோனைத் திரும்ப எடுத்து, "காட் ஆஃப் வார் கடைசி சேவ் மட்டும் இருக்கட்டும்" என்றான். பெரியப்பா மகன் ஷார்ஜாவில் இருந்து வீடியோவில் பட்டியல் முழுவதையும் காட்டச் சொன்னார். ஒவ்வொன்றாக நகர்த்தச் சொல்லிப் பார்த்தார்.

"அம்மிணி, எதை வேணும்னாலும் அழிச்சுக்கோ. டெக்கனை மட்டும் அழிச்சுப்போடாதே."

"காப்பி எடுத்து வெச்சுட்டேனுங்ணா. கார்டுலயும் அது இருக்கும்."

டெக்கன் என்ற சண்டை விளையாட்டுக்கு எங்கள் கார்டில் இருந்தது ஒரே ஒரு சேவ். மூன்று பேரும் ஜெயித்தது, சேர்த்த காசு, ஆட்களுக்கு வாங்கி மாட்டிய சட்டை எல்லாம் அந்த ஒன்றுக்குள் கலந்து கிடக்கிறது. பிரிக்க வழியில்லை. அது இருக்கட்டும் என்று மூன்று பேரும் ஒரே வார்த்தையாகச் சொன்னதில் எனக்கு ரொம்ப சந்தோஷம்.

அழிக்கும் வேலை அதற்கப்புறம் சீக்கிரம் முடிந்தது. காப்பியைச் சோதித்துவிட்டு அழிக்க வேண்டும் என்பதற்காக, பென்டிரைவில் இருந்ததை என் ஃபோனில் பிபிஎஸ்எஸ்பிபி என்ற எமுலேட்டரின் (பிஎஸ்பி விளையாட்டுகளை ஃபோனில் ஓட்டும் செயலி) சேவ்டேட்டா ஃபோல்டருக்குள் போட்டேன். விளையாட்டே இல்லாவிட்டாலும் அதன் சேவ்டேட்டா மேனேஜரில் படம், பெயரோடு பட்டியல் வருகிறது. படம் தெரியாமல் நின்றால் அந்த ஃபோல்டரை மறுபடி காப்பி எடுக்க வேண்டும் என்று அர்த்தம். எங்களுக்கு எல்லாமே தெரிந்தன. பிறகு பிஎஸ்பியில் யுடிலிட்டியைத் திறந்து, சேவ்வைத் தேர்ந்தெடுத்து, முக்கோணம், டிலீட், யெஸ். நோட்டைப் பார்த்து பையன் பெயரை வாசிக்க, நான் அழுத்தினேன். கார்டுக்கான விளக்கு இடப்பக்கம் ஆரஞ்சு நிறத்தில் மினுக்கும். அது நிற்கும் வரை அடுத்த பட்டனைத் தொடவில்லை. அந்த விளக்கு மினுக்கும்போது கார்டை உருவினாலும், ஸ்விட்சை அணைத்தாலும் கெடுதல்தான்.

கம்ப்யூட்டரில் இருந்தே ஃபோல்டரை அழித்துவிடலாமே என்று கேட்கலாம். அழிக்கலாம். ஆனால் அங்கே வெறும் எழுத்தும் எண்ணும்தான் தெரியும். பிஎஸ்பியில் படம் தெரியும், கடைசி நொடியில் கண் ஒருமுறை சரிபார்க்கும். அதனால் காப்பிக்குக் கம்ப்யூட்டர், அழிக்கக் கருவி என்று வைத்துக்கொண்டோம். இன்னொன்று, செட்டிங்ஸில் ஃபார்மட் மெமரி ஸ்டிக் என்று ஒன்று இருக்கும். இடம் வேண்டும் என்று அவசரத்தில் அதை அழுத்தினால் கார்டே மொத்தமாகக் காலி. சின்னப் பிள்ளைகள் கையில் கொடுப்பதற்கு முன்பு அதைக் காட்டி, இதைத் தொடக்கூடாது என்று சொல்லிவிடுங்கள்.

உண்மையில் அதிக இடத்தைப் பிடித்திருந்தது சேவ்கள்கூட இல்லை. மியூசிக் ஃபோல்டரில் இருந்த சில எம்பி3 பாட்டுகளும், பிக்சர் ஃபோல்டரில் இருந்த வால்பேப்பர்களும்தான். ஒரு பாட்டின் இடத்தில் எத்தனையோ சேவ் வைக்கலாம். அவற்றை எடுத்ததும், கெட்டுப்போன டேட்டா என்று நின்றவற்றை நீக்கியதும், பாதி இடம் வந்துவிட்டது. முதலிலேயே அங்கே பார்ப்பது நல்லது. பெரிய கார்டு வேண்டுமென்றால், மைக்ரோ எஸ்டியை மாட்டும் அடாப்டர்கள் கிடைக்கின்றன. அதில் போட்டால் இந்த அழிக்கும் வேலையே வேண்டாம். ஆனாலும் பழைய கார்டின் காப்பி ஒன்று வீட்டில் இருக்கட்டும்.

லேப்டாப்பில் இருக்கும் காப்பியை மூன்று பேருக்கும் மெயிலில் அனுப்பிவிட்டேன். இப்போது கார்டில் டெக்கன், அண்ணனின் காட் ஆஃப் வார், பையன் புதிதாக ஆரம்பித்தவை, அப்புறம் அந்த அமெரிக்கப் பதிப்பு ஜிடிஏ சேவ்கள். சத்தியமங்கலத்தில் அத்தை வீட்டுப் பரணில் ஒரு டப்பா நிறைய டிஸ்க் இருக்கிறதாம், தொலைந்த அமெரிக்கப் பதிப்பு அதில் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். பொங்கலுக்குப் போகும்போது பிஎஸ்பியையும் அடாப்டரையும் எடுத்துப் போகிறோம்.