அவமதிப்பு மனு: அப்பாவின் ஓய்வூதிய வழக்கு

ஜூன் 9, 2025

நீதிமன்ற உத்தரவை நிறைவேற்றாத துறை அதிகாரி மீது நாங்கள் போட்ட அவமதிப்பு மனு, உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் இன்று பட்டியலில் வந்தது. அப்பா அரசு அலுவலகம் ஒன்றில் இரவுக் காவலராக இருந்தவர். பணி நிரந்தரமாகும் முன் தினக்கூலியாக உழைத்த காலத்தில் பாதியை ஓய்வூதியத்துக்குச் சேர்க்க வேண்டும் என்று போன ஆண்டே ரிட் மனுவில் உத்தரவு கிடைத்துவிட்டது. 12 வாரக் கெடு நவம்பரில் முடிந்தது. பதிவுத் தபாலுக்கும் பதில் இல்லை, வக்கீல் நோட்டீசுக்கும் பதில் இல்லை.

அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு போட்டாக வேண்டும். 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆவது பிரிவு அப்படி. இது தெரியாமல், தீர்ப்பு நகலைப் பெட்டியில் வைத்துக்கொண்டு காத்திருப்பவர்களை நினைத்தால் வயிறு எரிகிறது.

அரசு வழக்கறிஞர் இரண்டு வார அவகாசம் பெற்றார்.

ஜூன் 23

மேல்முறையீடு தாக்கல் செய்திருக்கிறார்களாம். இத்தனை மாதம் வராத நினைப்பு, அவமதிப்பு மனு போன பிறகு வந்திருக்கிறது. தடையாணை உண்டா என்று நீதிபதி கேட்டார். இல்லை. மேல்முறையீடு போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது. அடுத்த வாய்தாவுக்குள் நிறைவேற்ற வேண்டும், இல்லையேல் அதிகாரி காணொலியில் ஆஜராக வேண்டும் என்றார். அதிகாரிகளை எடுத்த எடுப்பில் நேரில் அழைக்காமல் முதலில் காணொலி வாய்ப்பைத் தரவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2024 ஜனவரியில் நெறிமுறை வகுத்திருக்கிறது. அது நியாயம்தான். யாரையும் நிற்கவைத்துப் பார்க்கும் ஆசை எங்களுக்கில்லை.

ஜூன் 25

"அவரைச் சிறையில் போட்டுவிடுவார்களாம்மா?" என்று அப்பா கேட்டார். 6 மாதம் வரை வெறுங்காவல், 2000 ரூபாய் வரை அபராதம் என்று சட்டம் சொல்கிறது. ஆனால் வேண்டுமென்றே மீறியது தெளிவாக வேண்டும். மனதார மன்னிப்புக் கேட்டால் விட்டுவிடவும் செய்யலாம். 2006இல் மகாராஷ்டிர அமைச்சர் சுவரூப் சிங் நாயக்குக்கு உச்ச நீதிமன்றம் ஒரு மாதச் சிறை விதித்தது, மர அறுவை ஆலைகள் பற்றிய அதன் உத்தரவை மீறி அனுமதி கொடுத்ததற்காக. அப்படி நடப்பது அபூர்வம்.

"புதிதாக மாற்றலாகி வந்தவர், பாவம்" என்றார் அப்பா. எனக்கு அந்த இரக்கம் வரவில்லை. நாற்காலியில் யார் வந்து உட்கார்ந்தாலும் உத்தரவு அதே உத்தரவுதான்.

ஜூலை 7

உத்தரவை நிறைவேற்றித் துறை பிறப்பித்த செயல்முறை ஆணை நீதிமன்றத்தில் தாக்கலாகிவிட்டது. மேல்முறையீட்டின் முடிவுக்கு உட்பட்டு என்று ஒரு வரி சேர்த்திருக்கிறார்கள். மனு முடித்துவைக்கப்பட்டது. மாதக்கணக்கில் நகராத கோப்பு, அதிகாரியின் பெயர் மனுவில் ஏறியதும் நகர்ந்திருக்கிறது. அப்படியானால் தடை என்று எதுவுமே இருந்ததில்லை. அதுதான் ஆறவில்லை.

தாமதத்துக்கு வட்டி கேட்கலாமா என்றேன். மூல உத்தரவில் இல்லாததை அவமதிப்பு வழக்கில் வாங்க முடியாது என்றார் வக்கீல்.

ஜூலை 10

ஓய்வூதியத்துக்கான கருத்துரு, அதாவது துறையின் முன்மொழிவு, இனி மாநிலக் கணக்காயர் அலுவலகத்துக்குப் போக வேண்டும். நிலுவைத் தொகை அதற்குப் பிறகுதான். வட்டி கேட்டுத் துறைக்குத் தனியே ஒரு மனு எழுதி முடித்தேன். போதும், விட்டுவிடு என்கிறார் அப்பா. நாளை காலை பதிவுத் தபாலில் அனுப்புகிறேன்.