கணக்கர் கேட்ட கேள்வி

"ஒரு பிள்ளையின் மாற்றுச் சான்றிதழைப் பள்ளி தர மறுத்தால் உயர் நீதிமன்றம் கேட்குமா, சார்?"

கேட்கும் என்றேன்.

"அந்தச் சான்றிதழை எழுதுவது நான்தானே. என்னை வெளியே அனுப்பினால் மட்டும் ஏன் கேட்காது?"

என்னிடம் பதில் இருந்தது. இன்றும் இருக்கிறது. அந்தப் பதில்தான் உறுத்துகிறது.

அவர் அரசு உதவி பெறாத ஒரு பள்ளியில் அலுவலகக் கணக்கர். ஆண்டு ஒப்பந்தம். நிர்வாகம் அவரை நீக்கவில்லை. ஒப்பந்தத்தைப் புதுப்பிக்காமல் விட்டுவிட்டது. உயர் நீதிமன்றத்தில் ரிட் (பேராணை) மனு போட வேண்டும் என்று வழக்குக் கட்டோடு வழக்கறிஞரான என்னிடம் வந்திருந்தார்.

உயர் நீதிமன்றத்துக்கு ரிட் அதிகாரம் தரும் அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவு, தனியாருக்கு எதிரான மனுவுக்குக் கதவை அடைக்கவில்லை. 'எந்த நபருக்கும்' பேராணை அனுப்பலாம் என்றே அது சொல்கிறது. 1989-இல் ருதானி வழக்கில், மூடப்பட்ட தனியார் கல்லூரியின் ஆசிரியர்களுக்குச் சேர வேண்டிய பணத்துக்காக ஓர் அறக்கட்டளைக்கு எதிராகப் பேராணை செல்லும் என்றது உச்ச நீதிமன்றம். 2012-இல் ரமேஷ் அலுவாலியா வழக்கில் உதவி பெறாத பள்ளிக்கு எதிரான மனுவும் ஏற்புடையதே என்றது. இரண்டையும் வைத்து நான் வாதாடியிருக்கலாம்தான்.

ஆனால் 2022-இல் உச்ச நீதிமன்றத்தின் செயின்ட் மேரீஸ் தீர்ப்பு வந்துவிட்டது. கல்வி தருவது பொதுக்கடமைதான். ஆனால் எதிர்க்கப்படும் செயலுக்கு அந்தக் கடமையோடு நேரடித் தொடர்பு வேண்டும், சட்டவிதியின் பிடிமானம் இல்லாத வெறும் பணி ஒப்பந்தத்துக்கு ரிட் கிடையாது என்கிறது அது. அங்கே வேலை இழந்தவரும் அலுவலக ஊழியர். இவருடைய கட்டைப் பிரித்ததுமே அந்தத் தீர்ப்புதான் கண்முன் நின்றது. தாக்கல் செய்தால், மனுவுக்கு எண் தருவதற்கு முன்பே, அதை விசாரிக்கவே முடியுமா என்ற ஏற்புடைமைக் கேள்விக்கென்று பட்டியலில் வரும். முதல் நாளே தள்ளுபடி ஆகலாம். அந்த உத்தரவைப் பள்ளி அடுத்த மன்றத்தில் நீட்டும். "தொழிலாளர் நீதிமன்றத்துக்குப் போங்கள், அம்மா" என்றேன். நேர்மையான ஆலோசனை என்றே நினைக்கிறேன். ஒப்பந்தக் காலம் முடிந்ததால் போன வேலை ஆட்குறைப்பு ஆகாது என்ற வாதம் அங்கேயும் காத்திருக்கிறது என்பதையும் சொன்னேன். சற்று வேகமாகச் சொல்லியிருக்கலாம்.

நேரடித் தொடர்பு என்றால் என்ன? கரும்பலகை முன் நிற்பவருக்கு அது இருக்கக்கூடும், பதிவேட்டில் பிள்ளையின் பெயரை ஏற்றுபவருக்கு இல்லை என்று கோடு கிழிக்க வேண்டிய இடம் எது? எங்காவது கிழிக்கத்தான் வேண்டும். இல்லையென்றால் ஒவ்வொரு தனியார் வேலைத் தகராறும் உயர் நீதிமன்றத்தில் வந்து குவியும். இதை நானே பலமுறை எதிர்த்தரப்பில் நின்று பேசியிருக்கிறேன். அந்த மேஜையில் மட்டும் அது வாய்க்கு வரவில்லை.

பிறகு, அடுத்த அறை நண்பர் ஏறக்குறைய இதே மாதிரியான ஒரு மனுவைத் தாக்கல் செய்தார். நிற்காது என்று அவரிடமும் சொன்னேன். நோட்டீஸ் போனது; போனதுமே நிர்வாகம் பேச்சுவார்த்தைக்கு வந்து, ஒரு தொகை கொடுத்து முடித்துக்கொண்டது. மனு திரும்பப் பெறப்பட்டது. உத்தரவை வாங்கிப் படித்தேன். ஏற்புடைமை பற்றி அதில் ஒரு வரிகூட இல்லை.