ஆணா பெண்ணா என்பதை முடிவு செய்வது யார்?

ஒரு பனங்கொட்டையை மண்ணில் ஊன்றியவருக்கு, அது நுங்கு தரும் பெண்பனையாகுமா, பாளை மட்டும் விடும் ஆண்பனையாகுமா என்பது தெரிவதற்கு ஏறத்தாழ 12 முதல் 15 ஆண்டுகள் ஆகின்றன. அதுவரை இரண்டுக்கும் ஓலை ஒன்று, உயரம் ஒன்று, நிற்கும் நிலையும் ஒன்று. முதல் பாளை வெளிவரும்போதுதான் அது அலகுப்பனையா (ஆண்) பருவப்பனையா (பெண்) என்று பனையேறுபவர் சொல்வார். இரண்டிலும் பதநீர் இறக்கலாம். ஆனால் நுங்கும் பனம்பழமும் கிழங்குக்கான கொட்டையும் பெண்பனையிலிருந்து மட்டுமே கிடைக்கும். செய்யாற்றின் கரையில் உள்ள திருவோத்தூர்க் கோயிலில், நட்ட பனைகள் எல்லாம் ஆண்பனைகளாகப் போயிற்றே என்று வருந்திய அடியவருக்காகத் திருஞானசம்பந்தர் பதிகம் பாடி அவற்றைக் குலை ஈனச் செய்தார் என்பது தலவரலாறு. மரத்திலும் ஆண், பெண் உண்டு என்பதையும், காய்ப்பது எது என்பதையும் அன்றே நம் மக்கள் நன்கு அறிந்திருந்தார்கள் என்பதற்கு இந்தக் கதையே போதுமான சான்று.

மேல்நிலை வகுப்பில் உயிரியல் கற்பிக்கும் எனக்கு, இனப்பெருக்கம் பற்றிய பாடங்களில் மிகவும் பிடித்த கேள்வி இதுதான்: ஓர் உயிர் ஆணாவதா பெண்ணாவதா என்பதை எது முடிவு செய்கிறது? மகரந்தச் சேர்க்கை, கருவுறுதல், சூல் வளர்ச்சி என்ற பகுதிகளை மாணவர்கள் படம் வரைந்து பாகம் குறித்துக் கற்றுக்கொண்டுவிடுகிறார்கள். இந்தக் கேள்வியோ வகுப்பறையோடு நிற்பதில்லை. அவர்கள் வீட்டுக்குள்ளும் நுழைகிறது. அதனால்தான் இதைச் சற்று விரிவாக எழுத விரும்புகிறேன்.

பூக்கும் தாவரங்களில் பெரும்பாலானவை ஒரே பூவில் மகரந்தத்தாளையும் சூலகத்தையும் கொண்டவை. பனையைப் போல ஆண் தனி மரம், பெண் தனி மரம் என்று பிரிந்து நிற்பவை நூற்றுக்கு ஐந்தாறு வகைகளே. நம் தோட்டங்களில் இதைக் கண்ணால் பார்த்துப் புரிந்துகொள்ளச் சிறந்த செடி பப்பாளிதான். அதில் மூன்று பால்கள் உண்டு. ஆண் மரத்தின் பூக்கள் நீண்ட காம்பில் கொத்தாகத் தொங்கும். பெண் மரத்தின் பருத்த பூ இலைக்கக்கத்தில் தண்டை ஒட்டி அமர்ந்திருக்கும். மூன்றாவது வகை மரத்தில் ஒரே பூவில் இரண்டும் இருக்கும். கடையில் உருண்டையாக இருக்கும் பழம் பெரும்பாலும் பெண் மரத்திலிருந்து வந்தது. நீண்டு பேரிக்காய் வடிவில் இருப்பது இருபால் மரத்திலிருந்து வந்தது. கோயம்புத்தூர் வேளாண் பல்கலைக்கழகம் வெளியிட்ட கோ 2 போன்ற ரகங்களில் ஆண் செடியும் பெண் செடியும் தனித்தனியாக வருவதால், விவசாயிகள் ஒரு குழியில் ஒன்றுக்கு மேற்பட்ட நாற்றுகளை நட்டு, பூ வந்த பிறகு, சுமார் இருபது பெண் மரங்களுக்கு ஓர் ஆண் மரம் என்ற கணக்கில் வைத்துக்கொண்டு மீதி ஆண் மரங்களை வெட்டிவிடுவார்கள். கோ 3, கோ 7 ரகங்களிலும், இப்போது பரவலாகப் பயிரிடப்படும் ரெட் லேடியிலும் பெண் மரமும் இருபால் மரமும் மட்டுமே வருவதால் அந்த வேலை இல்லை. இருபால் மரத்தைத் தன் மகரந்தத்தாலேயே கருவுறச் செய்து கிடைக்கும் விதைகளை விதைத்தால், மூன்றில் இரண்டு பங்கு இருபால் மரமும் ஒரு பங்கு பெண் மரமும் முளைக்கும். மரபியலின் முன்னோடி மெண்டலின் கணக்குப்படி வரவேண்டிய நான்காவது பங்கு, இருபாலுக்குரிய மரபுக்கூறு இரட்டையாகச் சேர்ந்ததால் கருவிலேயே அழிந்துபோகிறது. பப்பாளியின் பாலை முடிவு செய்வது, உயிரணுவுக்குள் மரபுக்கூறுகளைத் தாங்கியிருக்கும் குரோமோசோம் என்பதற்கு இதைவிடத் தெளிவான பாடம் இல்லை. ஆனாலும் கடும் வெயிலிலும் வறட்சியிலும் அதே இருபால் மரம் பூவில் சூலகத்தை வளர்க்காமல் ஆண் பூக்களாகவே பூத்துவிடுவதும் உண்டு.

விலங்குலகத்துக்கு வந்தால் வழிகள் இன்னும் பல. மார்த்தாண்டம் பகுதியில் தேனீ வளர்ப்பவர்களுக்கு ஒன்று தெரியும்: ராணித் தேனீ பெரிய அறைகளில் இடும் முட்டைகளிலிருந்து ஆண் தேனீக்கள் வருகின்றன. காரணம், அந்த அறைகளில் இடும்போது ராணி தன் உடலில் சேமித்து வைத்திருக்கும் விந்தணுக்களை முட்டையோடு சேர விடுவதில்லை. கருவுற்ற முட்டை வேலைக்காரத் தேனீயாகவோ ராணியாகவோ வளர்கிறது. கருவுறாத முட்டை ஆணாகிறது. ஆண் தேனீக்குத் தந்தை இல்லை. ஆனால் தாய்வழித் தாத்தா உண்டு. இன்றைய போலந்துப் பகுதியில் வாழ்ந்த பாதிரியார் யான் ஜியெர்சோன் 1845-இல் இதைச் சொன்னபோது பலரும் நம்ப மறுத்தனர். நாம் விரும்பி உண்ணும் கொடுவா மீன் முதலில் ஆணாக முதிர்ந்து, சில ஆண்டுகள் கழித்துப் பெண்ணாக மாறுகிறது. களவா மீன்களில் பெரும்பாலானவை இதற்கு நேர்மாறாகப் பெண்ணாகத் தொடங்கி ஆணாகின்றன. கோழியிலோ, குஞ்சு சேவலா பெட்டையா என்பது முழுக்க முழுக்கத் தாய்க்கோழியின் முட்டையைப் பொறுத்தது. சேவலின் விந்தணுக்கள் எல்லாம் ஒரே வகை, முட்டைகளில்தான் இரண்டு வகை.

ஊர்வன பற்றிக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் பாலை முடிவு செய்வதில் பெற்றோர் இருவரின் பங்கும் இல்லாமலே போகும் இடம் அது. 1966-இல் செனகல் நாட்டின் டக்கார் நகரில் மதலேன் ஷார்னியே என்ற ஆய்வாளர், ஓணான் இனம் ஒன்றின் முட்டைகளை வெவ்வேறு வெப்பத்தில் வைத்தபோது குஞ்சுகளின் ஆண், பெண் விகிதம் மாறுவதைக் கண்டு எழுதினார். பின்னர் முதலைகளிலும் பெரும்பாலான ஆமைகளிலும் இதே வழிதான் என்பது தெரிந்தது. நம் ஆறுகளிலும் நீர்த்தேக்கங்களிலும் வாழும் நன்னீர் முதலையைப் பற்றிய இத்தகைய ஆய்வு, கிழக்குக் கடற்கரைச் சாலையில் உள்ள சென்னை முதலைப் பண்ணையிலேயே நடந்தது. முட்டைகள் 28 முதல் 31 டிகிரி செல்சியஸ் வரை வெப்பத்தில் இருந்தால் பொரிப்பவை எல்லாம் பெண், 32.5 டிகிரியில் ஆண். அதையும் தாண்டினால் மீண்டும் பெண் குஞ்சுகள் கலக்கத் தொடங்குகின்றன. ஒன்றிரண்டு டிகிரி வேறுபாட்டில் ஒரு தலைமுறையின் பால் மாறிவிடுகிறது.

கடலாமைகளில் குளிர்ந்த மணல் ஆணையும் சூடான மணல் பெண்ணையும் தருகிறது. தை முதல் பங்குனி, சித்திரை வரை சென்னைக் கடற்கரையில் இரவு நேரங்களில் கரையேறி, சுமார் 100 முட்டைகளுக்கு மேல் இட்டுவிட்டுக் கடலுக்குத் திரும்பும் பங்குனி ஆமை, அவற்றைத் திரும்பிப் பார்ப்பதில்லை. 1980களின் இறுதியிலிருந்து மாணவர்கள் இரவெல்லாம் கடற்கரையில் நடந்து அந்த முட்டைகளைச் சேகரித்து வேலியிட்ட பொரிப்பகங்களில் புதைத்துக் காத்து வருகிறார்கள். அவர்களோடு ஒருமுறை நடந்தவர் எவரும் அந்த உழைப்பை மறக்க மாட்டார். நாயிடமிருந்தும் நரியிடமிருந்தும் முட்டையைக் காப்பது ஒன்று. அந்த மணலின் வெப்பம் என்ன என்பது மற்றொன்று. 29, 30 டிகிரியை ஒட்டி ஆணும் பெண்ணும் சமமாக வரும் புள்ளி அமைகிறது. அதற்கு மேல் மணல் சூடேறினால் பெண் குஞ்சுகளே மிகும். ஆஸ்திரேலியாவின் பெரும் பவளத்திட்டின் வடபகுதியில் பிறந்த பச்சை ஆமைகளை ஆராய்ந்தவர்கள் 2018-இல் வெளியிட்ட முடிவு என்னை உலுக்கியது: இளம் ஆமைகளில் 99 விழுக்காட்டுக்கும் மேல் பெண். அங்கே பாலை முடிவு செய்வது சூடாகிக்கொண்டிருக்கும் பூமி என்றால், அதில் நம் பங்கும் சேர்ந்திருக்கிறது.

மனிதருக்கு வருவோம். மனிதப் பாலின் விடை முதலில் வெளிப்பட்டது ஒரு வண்டினத்தில். 1905-இல் அமெரிக்காவின் பிரின் மார் கல்லூரியில் நெட்டி ஸ்டீவன்ஸ் என்ற பெண் ஆய்வாளர், மாவுப்புழு எனப்படும் வண்டின் உயிரணுக்களை நுண்ணோக்கியில் எண்ணிப் பார்த்தார். பெண்ணில் 20 பெரிய குரோமோசோம்கள். ஆணில் 19 பெரியவை, ஒன்று மட்டும் மிகச் சிறியது. அந்தச் சிறிய குரோமோசோமைத் தாங்கிய விந்தணுதான் ஆண் பிறக்கக் காரணம் என்று அவர் எழுதினார். இன்று நாம் ஒய் குரோமோசோம் என்று அழைப்பது அதைத்தான். அவர் 1912-இல் புற்றுநோயால் இறந்தார். அவருக்குரிய பெருமையை உலகம் மிகத் தாமதமாகவே தந்தது.

மனித உயிரணுவில் 23 இணைக் குரோமோசோம்கள் உள்ளன. அவற்றில் ஓர் இணை மட்டும் பெண்ணில் எக்ஸ் எக்ஸ், ஆணில் எக்ஸ் ஒய். எனவே தாயின் சினைமுட்டை எதுவாயினும் அதில் எக்ஸ் மட்டுமே இருக்கும். தந்தையின் விந்தணுக்களில் ஏறக்குறைய பாதி எக்ஸையும் பாதி ஒய்யையும் சுமக்கின்றன. கோடிக்கணக்கில் புறப்படும் விந்தணுக்களில் கருக்குழாய் வரை சென்று முட்டையை நெருங்குபவை சில நூறுதான். அவற்றில் ஒன்று உள்ளே நுழைந்த நொடியில் மற்றவற்றுக்கு வாயில் அடைபடுகிறது. நுழைந்தது எக்ஸ் என்றால் பெண், ஒய் என்றால் ஆண். தாய் உண்ட உணவோ, படுத்த திசையோ, கருவுற்ற நாளோ இதில் எதையும் மாற்றுவதில்லை. ஆண் குழந்தை பிறக்கும் என்று சொல்லி விற்கப்படும் லேகியமும் மாத்திரையும் ஏமாற்று.

மூன்று குழந்தைகளும் பெண்ணாகவே பிறந்த குடும்பத்தைப் பார்த்து, அந்தத் தாயின் வயிற்றில் ஏதோ குறை என்று பேசுபவர்களை நான் சிறு வயதிலிருந்து கேட்டு வந்திருக்கிறேன். என் நெருங்கிய உறவில் ஓர் அத்தை அப்படி வாழ்நாள் முழுவதும் பேச்சுக் கேட்டவர்; மாமாவுக்கு இரண்டாம் திருமணம் செய்துவைக்கலாமா என்று பெரியவர்கள் கூடிப் பேசியபோது, அந்த அறைக்கு வெளியே நின்று காபி ஆற்றிக்கொண்டிருந்தவரும் அவர்தான். ஒவ்வொரு பிள்ளைப்பேறும் தனித்தனி வாய்ப்பு. முந்தைய குழந்தை எது என்பது அடுத்த குழந்தைக்குத் தெரியாது. மூன்று குழந்தைகள் உள்ள 80 குடும்பங்களை எடுத்துக்கொண்டால், ஏறத்தாழ பத்துக் குடும்பங்களில் மூன்றும் பெண்ணாகவே இருக்கும். இது வெறும் பெருக்கல் கணக்கு. இந்தக் கணக்கு தெரியாத காரணத்தால்தான் தென்மாவட்டங்களில் போதும்பொண்ணு என்று பெயர் வாங்கிக்கொண்டு பெண்கள் பள்ளிக்கு வந்தார்கள். இன்னும் கொடிய பகுதியும் உண்டு. உசிலம்பட்டி வட்டாரத்திலும் சேலம், தருமபுரி பகுதிகளிலும் பிறந்த பெண் சிசுக்களுக்குக் கள்ளிப்பால் புகட்டப்பட்ட செய்திகளை அடுத்து, 1992-இல் தொட்டில் குழந்தைத் திட்டம் சேலத்தில் தொடங்கப்பட்டது. கருவிலேயே பால் கண்டறிவதைத் தடுக்கும் சட்டம் 1994-இல் வந்தது. ஒவ்வொரு ஸ்கேன் மையத்தின் சுவரிலும் தொங்கும் அறிவிப்பு அந்தச் சட்டத்தால் வந்ததே. இயற்கையில் 100 பெண் குழந்தைகளுக்குச் சுமார் 105 ஆண் குழந்தைகள் பிறக்கின்றன. அதாவது 1,000 ஆண்களுக்கு 950-க்குச் சற்று மேல் பெண்கள். 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் தமிழ்நாட்டில் ஆறு வயதுக்கு உட்பட்ட குழந்தைகளில் 1,000 ஆண்களுக்கு 943 பெண்களே இருந்தார்கள். குறைந்த அந்தச் சில பெண்கள் எங்கே என்று ஒவ்வோர் ஆண்டும் என் வகுப்பில் நான் கேட்கிறேன்.

அப்படியானால் குற்றம் தந்தையுடையதா என்று மாணவர்கள் கேட்பார்கள். அதுவும் இல்லை. எந்த விந்தணு முட்டையை அடைய வேண்டும் என்பதில் எந்த ஆணுக்கும் அதிகாரம் கிடையாது. தாயின் மேல் போட்ட பழியை எடுத்துத் தந்தையின் மேல் போடுவது என் நோக்கமும் அல்ல. பெண் பிறப்பது பழி சொல்ல வேண்டிய ஒன்றே அல்ல என்பதைத்தான் நான் அழுத்திச் சொல்கிறேன்.

கருவுற்ற நொடியிலேயே எல்லாம் முடிந்துவிடுவதும் இல்லை. ஏறத்தாழ ஆறு வாரம் வரை ஆண் கரு, பெண் கரு இரண்டும் ஒரே அமைப்பில்தான் வளர்கின்றன. விந்தகமாகவோ அண்டகமாகவோ ஆகக்கூடிய ஒரு பொது உறுப்பும், இரண்டு பாலுக்கும் உரிய நாளங்களும் எல்லாக் கருவிலும் இருக்கின்றன. ஆண்களுக்கும் முலைக்காம்பு இருப்பதற்குக் காரணம், பால் பிரிவதற்கு முன்பே அது உருவாகத் தொடங்கிவிடுவதுதான். அதன்பின் ஒய் குரோமோசோமில் உள்ள எஸ்ஆர்ஒய் என்ற மரபணு விழித்துக்கொள்ளும்போது அந்தப் பொது உறுப்பு விந்தகமாகிறது; அந்த விந்தகம் சுரக்கும் ஹார்மோன்கள் மற்ற உறுப்புகளை ஆணுக்குரியவையாக மாற்றுகின்றன. 1990-இல் லண்டன் ஆய்வாளர்கள் இந்த மரபணுவைக் கண்டறிந்தார்கள். அடுத்த ஆண்டே எக்ஸ் எக்ஸ் கொண்ட எலிக்கருவில் அதைச் செலுத்தி, அது ஆண் எலியாக வளர்ந்ததையும் காட்டினார்கள்.

இவ்வளவு படிகள் இருப்பதால், ஏதேனும் ஒரு படியில் வேறுபாடு நேர்வது இயல்பு. அந்த மரபணு இடம் மாறி எக்ஸில் ஒட்டிக்கொண்டால் எக்ஸ் எக்ஸ் கொண்டவரும் ஆணாக வளர்வார். எக்ஸ் ஒய் இருந்தும் உடல் ஆண் ஹார்மோனை ஏற்காவிட்டால் புறத்தோற்றத்தில் பெண்ணாகவே வளர்வார். பிறக்கும்போதே ஆண் என்றோ பெண் என்றோ தெளிவாகச் சொல்ல முடியாத உடலமைப்புள்ள குழந்தைகளும் உண்டு. இத்தகைய இடைப்பாலினக் குழந்தைகளைப் பெற்றோரும் மருத்துவர்களும் அவசரமாக அறுவை சிகிச்சை செய்து ஏதாவது ஒரு பாலில் சேர்த்துவிடுவது நெடுங்கால வழக்கமாக இருந்தது. 2019 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை இதைத் தடை செய்யுமாறு உத்தரவிட்டது; அதே ஆண்டில் தமிழ்நாடு அரசு அதற்கான அரசாணையை வெளியிட்டது, இந்தியாவில் அவ்வாறு செய்த முதல் மாநிலம் நம்முடையதே. உயிருக்கு ஆபத்து இருந்தாலன்றி, அந்த அறுவை சிகிச்சையைச் செய்யக் கூடாது. குழந்தை வளர்ந்து, தன் உடலைப் பற்றித் தானே பேசும் வயதை அடையும்வரை பெற்றோரும் மருத்துவரும் காத்திருக்க வேண்டும்.