யாழினிக்குக் கூடுதலாக ஓர் ஈ

கோபிசெட்டிபாளையத்தில் இன்று காலை நடந்த பெயர் சூட்டு விழாவின் வாசல் பதாகையில், யாழினி என்ற பெயருக்கு ஆங்கிலத்தில் நடுவே ஓர் ‘ஏ’யும் கடைசியில் ஓர் ‘ஈ’யும் கூடுதலாக நின்றன.

எண்கணிதம் என்றார் குழந்தையின் தந்தை. கூட்டுத்தொகை 21இலிருந்து 27 ஆகிவிட்டதாம்.

பெயரின் எழுத்துகளுக்கு எண் கொடுத்துக் கூட்டிப் பலன் பார்க்கும் கால்டிய முறையில் ஆங்கில எழுத்துகளுக்கு 1 முதல் 8 வரைதான் மதிப்பு. ஆங்கிலத்தில் ழகரம் இல்லாததால் நாம் ‘இசட்’, ‘ஹெச்’ என இரண்டை ஒட்டி எழுதுகிறோம். அவை மட்டுமே 7ம் 5ம் சேர்ந்து 12. பழைய கூட்டுத்தொகையில் பாதிக்கு மேல் இந்த ஒட்டுவேலையால் வந்தது என்பது எனக்கு வேடிக்கையாகத்தான் இருக்கிறது.

“எத்தனை எழுத்துப் போட்டா என்னுங்க, எனக்கு அவ யாழுக்குட்டிதானுங்க” என்றார் அப்பத்தா. அவர் பெயர் பொன்னாத்தாள்.

யாழ் என்னும் பழைய நரம்புக்கருவியிலிருந்து பிறந்த பெயர் இது. 1916இல் மறைமலையடிகள் தொடங்கிய தனித்தமிழ் இயக்கம் இத்தகைய பெயர்களுக்கு வழி திறந்தது. தமிழில் அதற்கு எழுத்துப் பிழையே வராது.

பிறப்புச் சான்றிதழில் 12 மாதங்கள் வரை கட்டணமின்றிப் பெயர் சேர்க்கலாம். அதற்குள் ஒன்றை முடிவுசெய்து, ஆதாரிலும் பள்ளியிலும் அதே எழுத்துகளையே கொடுக்கும்படி சொல்லிவிட்டுப் பந்திக்குப் போனேன்.