எமுலேட்டரில் கை வைக்கும் முன் சார்ஜரைப் பாருங்கள்

பிளேஸ்டேஷன் 2 விளையாட்டுகளைக் கணினியில் ஓட்டும் எமுலேட்டரான பிசிஎஸ்எக்ஸ்2-வில் வேகம் 38 சதவீதத்தைத் தாண்டவே இல்லை. லேப்டாப் செகண்ட் ஹேண்டில் வாங்கிய ஆபீஸ் ரகம்: ஐ5-6300யு பிராசஸர், 8 ஜிபி ராம், இன்டெல் எச்டி 520 கிராபிக்ஸ். இதில் கனமில்லாத பல பிளேஸ்டேஷன் 2 விளையாட்டுகள் முழு வேகத்தில் ஓடவேண்டும். ஒன்பது நாள், கும்பகோணத்துக்கு இரண்டு தடவை பஸ், யாரும் கேட்காத ஒரு பார்மேட், அதில் போன மெமரி கார்டு. இத்தனைக்கும் பிறகு கிடைத்த காரணம் எமுலேட்டருக்குள் இல்லை. இன்னொருவருக்கு இந்த ஒன்பது நாள் மிச்சமானால் போதும்.

சொந்த கன்சோலிலிருந்து பயோஸ் (அதைத் தொடங்கிவைக்கும் அடிப்படை மென்பொருள்) எடுத்தது, கையில் இருந்த டிஸ்க்குகளை ஐஎஸ்ஓ (டிஸ்க்கின் முழு நகல் கோப்பு) ஆக்கியது, கன்ட்ரோலர் இணைத்தது எல்லாம் ஒரே மாலையில் முடிந்துவிட்டது. சிக்கல் அதற்குப் பிறகுதான்.

வேகம் குறைந்தால் எல்லோரும் முதலில் போகிற இடம் செட்டிங்ஸில் எமுலேஷன் பக்கம். அங்கே இ.இ. சைக்கிள் ரேட், இ.இ. சைக்கிள் ஸ்கிப்பிங் என்று இரண்டு இருக்கும். இ.இ. என்பது பிளேஸ்டேஷன் 2-இன் மையப் பிராசஸரான எமோஷன் எஞ்சின். அசல் வேகம் 294.912 மெகாஹெர்ட்ஸ். சைக்கிள் ரேட்டை 60 சதவீதத்துக்கு இறக்கி, ஸ்கிப்பிங்கை நடு அளவில் வைத்ததும் வேகம் 38-இலிருந்து 80-ஐத் தொட்டது. கண்ணுக்கோ ஒன்றுமே மாறவில்லை. ஆள் நடப்பது தத்தித் தத்திதான் இருந்தது.

இந்த இடத்தில்தான் பலர் ஏமாறுகிறார்கள். சைக்கிள் ரேட்டைக் குறைத்தால் உங்கள் லேப்டாப்பின் பாரம் குறையும், உண்மை. ஆனால் விளையாட்டின் பக்கம் நின்று பார்த்தால், மெதுவான ஒரு பிளேஸ்டேஷனில் தன்னை ஓட்டுகிறார்கள் என்றுதான் அதற்குத் தெரியும். ஒரு ஃபிரேமை முடிக்க வேண்டிய நேரத்துக்குள் அதனால் முடிக்க முடியாது. பழைய படத்தையே மறுபடி காட்டும். ஸ்கிப்பிங் இன்னும் மோசம், வேலையையே இடையிடையே விட்டுவிட்டுத் தாண்டும். மீட்டரில் எண் ஏறும், ஓட்டம் ஏறாது.

இதைக் கண்டுபிடிக்க ஆன் ஸ்கிரீன் டிஸ்ப்ளே பக்கத்தில் நான்கு டிக் போடுங்கள்: வேக சதவீதம், வி.பி.எஸ்., எஃப்.பி.எஸ்., சி.பி.யு. பயன்பாடு. வி.பி.எஸ். என்பது டிவிக்குப் போகும் புதுப்பிப்பு எண்ணிக்கை. எஃப்.பி.எஸ். என்பது விளையாட்டு உண்மையில் புதிதாக வரைந்த படங்கள். சதவீதம் 100, வி.பி.எஸ். 50, ஆனால் எஃப்.பி.எஸ். 16 என்று நின்றால் அந்த 100 சதவீதத்துக்கு மதிப்பே கிடையாது.

50 என்றதும் இன்னொன்று. நம் ஊரில் விற்ற டிஸ்க்குகள் பெரும்பாலும் பால் (PAL) என்ற டிவி முறைக்கானவை, அதற்கு முழு வேகமே 50-தான். 60 வரவில்லையே என்று நார்மல் ஸ்பீடை 120 சதவீதம் ஆக்காதீர்கள். விளையாட்டு முழுவதும் ஓட்டமாக ஓடும், பாட்டும் அவசர அவசரமாகக் கேட்கும். என்டிஎஸ்சி (NTSC) என்ற இன்னொரு டிவி முறைக்கான டிஸ்க்குக்கு மட்டும்தான் 59.94.

சி.பி.யு. பயன்பாட்டை டிக் செய்தால் திரை ஓரத்தில் இ.இ., ஜி.எஸ். (பிளேஸ்டேஷனின் படம் வரையும் சிப்), வி.யு. (அதன் வெக்டர் யூனிட்) என்று தனித்தனி சதவீதம் வரும். இதைப் படிக்கத் தெரிந்துகொண்டால் பாதி வேலை முடிந்தது. இ.இ. 95-க்கு மேல் நின்றால் பிராசஸரின் ஒற்றைக் கோர் வேகம் போதவில்லை. ஜி.எஸ். மட்டும் உச்சத்தில் இருந்து இ.இ. 60-இல் இருந்தால் பிரச்சினை வரைகலைப் பக்கம். அப்போது சைக்கிள் ரேட்டைத் தொடுவதே வீண். இந்த லேப்டாப்பில் இ.இ. 99, ஜி.எஸ். 70. பிராசஸரேதான். ஆனால் அதே பிராசஸர் போட்ட வேறொரு லேப்டாப்பில் அதே விளையாட்டு நன்றாக ஓடியதைக் கண்ணால் பார்த்தாகிவிட்டது. அங்கேதான் குழப்பம்.

கும்பகோணத்தில் சர்வீஸ் கடைக்குக் கொண்டுபோனதுதான் பெரிய தப்பு. கவுன்டரில் இருந்தவர் லேப்டாப்பைத் திறந்துகூடப் பார்க்கவில்லை.

"எந்த ஊரு தம்பி?"

"ஆடுதுறைப் பக்கம்ணே."

"அங்கல்லாம் வோல்டேஜ் கம்மி, அதான் ஸ்லோ. வச்சிட்டுப் போங்க, பார்மேட் பண்ணிடுவோம்."

மும்முனை மின்சாரம் விட்டதும் ஊரெல்லாம் பம்புசெட் ஓடி, வீட்டு லைட் மங்குவது நிஜம்தான். லேப்டாப் சார்ஜர் அதற்கெல்லாம் அசையாது. அடியில் திருப்பிப் பாருங்கள், இன்புட் 100 முதல் 240 வோல்ட் என்று அச்சடித்திருக்கும். 160-க்கு இறங்கினாலும் வெளியே 19.5 வோல்ட்தான் கொடுக்கும். சும்மா சொன்ன காரணம் அது. மறுநாள் வாங்கப் போனால் விண்டோஸ் புதிது, வேகம் அதே 38, டாக்குமென்ட்ஸ் ஃபோல்டர் காலி. ஆட்டத்தில் எதுவரை வந்தோம் என்பதைச் சேமிக்கும் மெமரி கார்டு கோப்புகளை பிசிஎஸ்எக்ஸ்2 அந்த டாக்குமென்ட்ஸுக்குள்தான் வைக்கிறது. நாற்பது மணி நேர ஆட்டம் அதோடு போயிற்று. பார்மேட் செய்யட்டுமா என்று ஒரு போன் வந்திருந்தால்கூடத் தடுத்திருக்கலாம். ஒரு கார்டு வெறும் 8 எம்பி. மெம்கார்ட்ஸ் ஃபோல்டரைப் பென் டிரைவில் போட்டு வைக்காமல் எந்தக் கடைப் படியும் ஏறாதீர்கள். ஆட்டத்தை அந்த நொடியிலேயே அப்படியே சேமிக்கும் சேவ் ஸ்டேட்டை நம்பியும் இருக்காதீர்கள். எமுலேட்டர் பதிப்பு மாறினால் பழைய ஸ்டேட் திறக்காமல் போகலாம், மெமரி கார்டுக்கு அந்தத் தொல்லை இல்லை.

விடை டாஸ்க் மேனேஜரில் இருந்தது. பெர்ஃபாமன்ஸ், அதில் சி.பி.யு., அதன் கீழே ஸ்பீட். விளையாட்டு ஓடும்போது அங்கே 2.9 கிகாஹெர்ட்ஸ் பக்கம் வரவேண்டும். வந்தது 0.78. எவ்வளவு பாரம் ஏற்றினாலும் 0.78-இலேயே ஆணி அடித்தது போல நின்றது.

ஆபீஸ் ரக லேப்டாப்புகளில் சில, சார்ஜர் பின்னின் நடுவே இருக்கும் மெல்லிய ஊசி வழியாக சார்ஜர் எத்தனை வாட் என்று கேட்டுத் தெரிந்துகொள்ளும். பதில் வராவிட்டால், சார்ஜர் தாங்காதோ என்று பிராசஸரைக் கடைசிப் படிக்கு இறக்கிவிடும். டூப்ளிகேட் சார்ஜரிலும், ஊசி வளைந்த அசல் சார்ஜரிலும் இதே கதைதான். அறிகுறி இரண்டு: பேட்டரி ஐகானில் பிளக்டு இன், நாட் சார்ஜிங் என்று வரும், லேப்டாப்பின் பயோஸ் திரையில் அடாப்டர் வகை தெரியவில்லை என்று வரும். இரண்டுமே முதல் நாளிலிருந்து இருந்தன. பேட்டரி பழசு என்று நினைத்து விட்டதால் வந்த வினை. தெரிந்தவர் வீட்டிலிருந்து அசல் 65 வாட் சார்ஜரை வாங்கிவந்து செருகியதும் 0.78 ஒரே நொடியில் 2.9 ஆனது. வேகம் 100 சதவீதம். சைக்கிள் ரேட்டும் ஸ்கிப்பிங்கும் பழைய இடத்துக்கே திரும்பின. அந்த நேரத்து நிம்மதி சொல்லி முடியாது.

சார்ஜர் இல்லாமல் பேட்டரியிலோ, கரண்ட் போன நேரத்திலோ வேகத்தை அளக்காதீர்கள். பேட்டரிக்கு மாறியதும் விண்டோஸ் பிராசஸர் வேகத்தைக் குறைக்கலாம்.

சந்தோஷம் பன்னிரண்டு நிமிடம். பிறகு 100, 85, 70 என்று படிப்படியாக இறங்கியது. இப்போது காரணம் சூடு. இந்தப் பிராசஸருக்கு எல்லை 100 டிகிரி. சூட்டைக் காட்டும் எச்டபிள்யூஇன்ஃபோ மென்பொருளில் பார்த்தால் 97-இல் நின்று, தெர்மல் த்ராட்லிங் (சூட்டால் வேகத்தைக் குறைப்பது) என்ற வரியில் யெஸ் என்று காட்டியது. பின் மூடியைக் கழற்றினால் ஃபேனுக்கும் செம்புத் தகட்டுக்கும் நடுவே கம்பளி போல ஒரு படலம். தை, மாசியில் சம்பா அறுவடை மிஷின் இறங்கினால் வைக்கோல் தூசியும் பதரும் ஜன்னல் வழியே வீட்டுக்குள் வந்துவிடும், அத்தனையும் அங்கேதான் சேர்கிறது. வெளியிலிருந்து ஊதினால் இந்தப் படலம் வராது, ஃபேனைக் கழற்றிப் பிய்த்தெடுக்க வேண்டும். புளோயர் பிடிக்கும்போது இறக்கையை விரலால் பிடித்துக்கொள்ளுங்கள்; சுற்றவிட்டால் பேரிங் போகும். மூடியைத் திறந்ததும் முதல் வேலையாகப் பேட்டரி கனெக்டரைக் கழற்றுவது கட்டாயம். பிராசஸர் மேல் இருக்கும் பழைய தெர்மல் பேஸ்ட்டைத் துடைத்து, அரிசி மணி இரண்டு சேர்ந்த அளவு புதுப் பேஸ்ட் வைத்தால் போதும். அதன் பிறகு ஒரு மணி நேரம் ஓடியும் 81 டிகிரிக்கு மேல் போகவில்லை.

கத்திரி வெயிலில் அதுவும் போதாமல் போகலாம். அப்போது பவர் பிளானில் மேக்சிமம் பிராசஸர் ஸ்டேட்டை 99 ஆக்குங்கள் என்பார்கள். அது டர்போவை, அதாவது அடிப்படை வேகத்தைத் தாண்டி ஓடும் வசதியை, நிறுத்தும். 6300யு-வுக்கு அடிப்படை வேகமே 2.4 என்பதால் இழப்பு கொஞ்சம்தான், சூடு நன்றாகக் குறையும். ஆனால் ஐ5-8250யு வைத்திருப்பவர் இதைச் செய்தால் 3.4 வரை போகக்கூடியது அடிப்படையான 1.6-க்கு விழும். உங்கள் பிராசஸரின் அடிப்படை வேகத்தைப் பார்க்காமல் இதைத் தொடாதீர்கள்.

இத்தனையும் சரியான பிறகுதான் எமுலேட்டர் செட்டிங்ஸ் ஒழுங்காகப் பேசும். சைக்கிள் ரேட் 100, ஸ்கிப்பிங் டிசேபிள்டு, மல்டித்ரெடட் வி.யு.1 ஆன். கடைசியாகச் சொன்னதுதான் உண்மையான லாபம். இ.இ.-க்கு ஒரு திரெட் (தனியாக ஓடும் வேலை வரிசை), ஜி.எஸ்.-க்கு ஒன்று ஏற்கெனவே உண்டு. இது வெக்டர் யூனிட்டின் வேலையை மூன்றாவதாகப் பிரித்துவிடும். இரண்டு கோர், நான்கு திரெட் உள்ள பிராசஸருக்கே பலன் தெரியும். வெறும் இரண்டு கோர், இரண்டு திரெட் என்றால் அணைத்தே வையுங்கள், ஒன்றையொன்று நெருக்கும். மொத்தமே மூன்று கனத்த திரெட் என்பதால் எட்டுக் கோர் வாங்கினால் பறக்கும் என்று நம்ப வேண்டாம். ஒற்றைக் கோர் வேகம்தான் கணக்கு.

அட்வான்ஸ்டு பக்கத்தில் எல்லாம் டிஃபால்ட்டே சரி. கேஷ் என்ற டிக்கை மட்டும் தவறியும் போடாதீர்கள், வேகம் பாதாளத்துக்குப் போகும். கிளாம்பிங் மோடை ஃபுல் ஆக்கினால் படம் அழகாகும் என்பதும் தவறு. அது மிதவைப் புள்ளி (தசம எண்) கணக்கின் துல்லியம். தேவைப்படும் விளையாட்டுக்கு எமுலேட்டரே தன் பட்டியலைப் பார்த்து மாற்றிக்கொள்கிறது. திரெட் பின்னிங், இன்டெல் 12-ஆம் தலைமுறையிலிருந்து வந்த, பெரிய கோரும் சின்னக் கோரும் கலந்த பிராசஸர்களுக்கு. இங்கே வேலை இல்லை.

சோதிக்கும்போது ஆட்டத்தில் கனமான ஓர் இடத்தில் எஃப்1 அடித்து ஸ்டேட் சேமியுங்கள். ஒரே ஒரு மாற்றம், எஃப்3, இரண்டு நிமிடம் கவனிப்பு, அடுத்த மாற்றம். எஃப்4 அடித்தால் வேகக் கட்டுப்பாடு விலகும்; அப்போது 150-க்கு மேல் காட்டினால் கைவசம் நல்ல மிச்சம் இருக்கிறது. 105 என்றால் வெடிப்புக் காட்சி வந்ததும் திணறும்.

இப்போது மிச்சம் ஒரே ஒரு கார் ரேஸ். மழைக் காட்சியில் மட்டும் 86-க்கு இறங்குகிறது, அங்கே இ.இ. 98. பட்டியலில் அதன் மேல் ரைட் கிளிக், பிராப்பர்டீஸ், அதற்கு மட்டும் சைக்கிள் ரேட் 75. வேகம் 100, எஃப்.பி.எஸ். 50-இலேயே நிற்கிறது. மற்ற விளையாட்டுகள் எதிலும் இந்த மாற்றம் படவில்லை.